விண்ணுலக மொழிகளும் மண்ணுலக இலக்கணமும்

முன்னுரை

மக்கள் பேசும் மொழியை ஆராய்வது மொழிநூலின் தொழில். எந்நாட்டிலும் எவரும் பேசாது, ஒருவர் உள்ளத்திற் பிறந்து ஏட்டளவில் வாழும் புனைமொழியை ஆராய்வதால் அந்நூல் பெறும் பயன் யாது என்ற வினா எழுதல் இயல்பே. ஆயினும், வானுலகில் வாழ்வோராகச் சில மக்களைப் படைத்து அவர்க்கென மொழியும் வகுத்தளித்த ஐரோப்பியரின் முயற்சிகளைத் தொடர்ந்து நோக்குவார்க்கு அவை வெறும் வேடிக்கை அல்ல என்பது புலனாகும். விண்ணவர்க்கு மொழி வகுத்தவர், தம் காலத்தார் மொழியைப்பற்றி என்ன எண்ணினர் என்பதையே அம்மொழியில் பதித்து வைத்தனர். அன்றியும், சொற்களை எவ்வளவு விந்தையாகப் புனைந்தாலும், அச்சொற்களுக்கு அடியில் நின்ற இலக்கணம் பெரும்பாலும் அவர்தம் தாய்மொழி இலக்கணமாகவே இருந்தது.

இவ்வுண்மை 17ஆம் நூற்றாண்டு தொடங்கி 20ஆம் நூற்றாண்டின் தொடக்கம் வரை படிப்படியாகத் தெளிவுற்றது. அத்தெளிவு பிறந்த இடத்தில் தென்னிந்திய நிலப்பகுதி ஒன்றின் பெயரும் வந்து கலந்திருத்தல் நாம் சிறப்பாகக் கருதுதற்குரியது. இச்செய்திகளைக் காலமுறையில் நிறுத்திக் காட்டி, சொற்பிறப்பு ஆராய்வோர் அவற்றினின்றும் கொள்ளத்தக்கது இது எனக் கூறுதல் இக்கட்டுரையின் நோக்கம்.

நிலவுலகின் இசைமொழி

கலிலியோ 1610இல் தொலைநோக்கியின் வாயிலாகத் தாம் கண்ட நிலவின் மலைகளையும் பள்ளங்களையும் நூலாக எழுதி வெளியிட்டார். நிலவும் மண்ணுலகம் போன்றதோர் உலகமே என்ற எண்ணம் அதனால் வலுப்பெற்றது. உலகம் உளதாயின் மக்களும் உளராதல் வேண்டும். மக்கள் உளராயின் மொழியும் வேண்டும். இவ்வாறு எண்ணிய எழுத்தாளருள் முற்பட வைத்து எண்ணத்தக்கவர் இங்கிலாந்தின் எரிபோர்டு நகரத்துச் சமயத் தலைவராக இருந்த பிரான்சிசு காட்வின். அவர் 1633இல் மறைந்தார். அவர் எழுதிய நிலவுப் பயணக் கதை 1638இல் அச்சேறியது. தொமிங்கோ கொன்சாலெசு என்னும் ஸ்பானியன் பழக்கிய பறவைகளால் தூக்கிச் செல்லப்பட்டு நிலவை அடைகின்றான் என்பது கதை.

அந்நிலவு மாந்தரின் மொழி சொற்களாலும் எழுத்துகளாலும் ஆனதைவிட இசையால் ஆனது மிகுதி என்று காட்வின் வருணிக்கின்றார். ஒரு சொல்லே பண் வேறுபாட்டால் பல பொருள் தரும். சொல்லே இன்றி இசையாலும் கருத்தை உணர்த்துதல் கூடும். அம்மொழிக்கு எடுத்துக்காட்டாக, கடவுளுக்கே புகழ் என்னும் பொருளுடைய வாழ்த்து ஒன்றையும், கதைத்தலைவனின் பெயரையும் இசைக்குறிகளால் அச்சிட்டும் காட்டுகின்றார்.

இக்கருத்து அவர்க்கு எங்கிருந்து கிடைத்தது? கதையின் இறுதியில் கொன்சாலெசு நிலவினின்றும் இறங்குமிடம் சீன நாடு. அங்குள்ள மாந்தரின் மொழியும் இசையோடு பேசப்படுவதை அவன் காண்கின்றான். சீனத்தில் சமயப் பணியாற்றிய மத்தேயோ ரிச்சியின் குறிப்புகளை நிக்கோலாசு திரிகோ இலத்தீனில் நூலாக்கி 1615இல் வெளியிட்டார். சீனச் சொற்கள் எடுத்தலும் படுத்தலுமாகிய ஒலிவேறுபாட்டால் பொருள் மாறுபடும் செய்தி அந்நூலால் ஐரோப்பியரிடையே பரவியது. காட்வினின் நிலவு மொழிக்கு அச்செய்தியே வித்து என்பது ஆராய்ச்சியாளர் துணிபு. வானத்து மொழி எனப்பட்டது, உண்மையில் அக்கால ஐரோப்பியர் கேள்வியால் மட்டும் அறிந்திருந்த கீழ்த்திசை மொழி ஒன்றின் நிழலாகும்.

இன்னும் ஒரு செய்தி நோக்கற்பாலது. காட்வின் தந்த இசைக்குறிகளை ஆராய்ந்த நெவில் டேவிசு என்பவர், ஒவ்வோர் இசைக்குறியும் ஐரோப்பிய எழுத்து ஒன்றுக்கு ஈடாக நிற்கும் மறைகுறியே என்று 1967இல் விளக்கினார். ஆகவே, வருணனையில் அது சீனம் போன்ற இசைமொழி. எடுத்துக்காட்டில் அது ஐரோப்பிய எழுத்துக்கூட்டின் மாற்றுருவம். சொல்லியது ஒன்று, செய்து காட்டியது மற்றொன்று. புறத்தே புதிய கோலமும் அகத்தே பழைய மொழியுமாக அமையும் இவ்விரட்டைத் தன்மையைப் பின்வரும் புனைமொழிகளிலும் காண்போம்.

பிரான்சு நாட்டுச் சிரானோ தெ பெர்சராக்கு எழுதிய நிலவுப் பயண நூல் அவர் இறந்தபின் 1657இல் வெளிவந்தது. அதிலும் நிலவின் உயர்குடியினர் இசையால் பேசுகின்றனர். குரல் ஓய்ந்தபொழுது யாழ் போன்ற கருவியை மீட்டி உரையாடலைத் தொடர்கின்றனர். பொதுமக்களோ உறுப்புகளை அசைத்துக் கருத்தை உணர்த்துகின்றனர். ஒரே உலகில் உயர்ந்தோர்க்கு ஒரு மொழியும் ஏனையோர்க்கு ஒரு மொழியும் வகுத்தது அக்காலப் பிரெஞ்சுக் குமுகாயத்தின் படிநிலையை விண்ணில் ஏற்றி வைத்ததேயாம்.

பொருளைக் காட்டும் மொழி

காட்வினின் கதையை ஊன்றிக் கற்றவருள் ஜான் வில்கின்ஸ் ஒருவர். நிலவில் மக்கள் வாழ்தல் கூடும் என்று வாதிடும் நூலை 1638இலேயே அவர் வெளியிட்டார். மறைமொழியைப்பற்றி 1641இல் எழுதிய நூலில், இசைக்குறிகளால் எந்நாட்டவரும் உணரத்தக்க மொழியொன்றை அமைத்தல் இயலும் என்ற கருத்தை எடுத்துரைத்துக் காட்வினின் கதையையும் சுட்டினார். அவ்வெண்ணம் முதிர்ந்து 1668இல் மெய்யியல் மொழி பற்றிய பெருநூலாயிற்று. இலண்டன் வேத்தியற் கழகத்தைத் தோற்றுவித்தாருள் ஒருவராகிய அவர், உலகப் பொருள்கள் அனைத்தையும் 40 பெருவகையாகப் பகுத்து, ஒவ்வொரு வகைக்கும் உள்வகைக்கும் உரிய எழுத்துகளைக் கூட்டிச் சொற்களை ஆக்கினார். ஒரு சொல்லின் எழுத்துகளைக் கண்ட அளவில் அப்பொருள் எவ்வகையைச் சார்ந்தது என்பது விளங்கிவிடும். கதையில் வானத்தவர்க்கு வகுத்த மொழி, முப்பது ஆண்டுகளில் மண்ணுலகத்தார்க்கு வேண்டிய பொதுமொழித் திட்டமாக இறங்கி வந்தமை இதனால் விளங்கும்.

சொல்லுக்கும் பொருளுக்கும் இடையிலுள்ள காரணம் கண்கூடாகத் தோன்றாது என்பது தொல்காப்பியர் உரியியலில் கூறும் கருத்து. வில்கின்ஸ் செய்ய முனைந்தது அக்காரணத்தைக் கண்கூடாக்கும் முயற்சி. அஃது நடைமுறையில் வெற்றி பெறவில்லை. பொருள்களைப் பற்றிய அறிவு மாறுந்தோறும் சொற்களையும் மாற்ற வேண்டியிருக்கும் மொழியை மக்கள் பேசுதல் அரிது. அறிவியல் வளர்ந்து வகைப்பாடு மாறினால் அம்மொழியின் சொற்கள் யாவும் பொய்த்துவிடும். மக்கள் மொழியோ காரணம் மறைந்து நிற்றலாலேயே அறிவு மாற்றங்களைத் தாங்கி நிற்கின்றது.

பறக்கும் தீவின் சொற்பிறப்பு

இம்முயற்சிகளை எள்ளி நகையாடியவர் ஜொனாதன் ஸ்விப்டு. 1726இல் வெளிவந்த கல்லிவர் பயண நூலின் மூன்றாம் பகுதியில் இலபுடா என்னும் பறக்கும் தீவு வருகின்றது. அது வட்ட வடிவானது. குறுக்களவு 7,837 கசம். நடுவிலுள்ள பெரிய காந்தக் கல்லைத் திருப்புவதால் மேலெழுந்தும் கீழிறங்கியும் இயங்குவது. அங்கு வாழ்வோர் கணிதத்திலும் இசையிலும் மூழ்கியவர். அவர்தம் கலைச்சொற்கள் பெரும்பாலும் அவ்விரு துறையினின்றும் எடுக்கப்பட்டவை. ஒரு மங்கையின் அழகைப் புகழ வேண்டினும் வட்டம், நீள்வட்டம், சாய்சதுரம் ஆகிய வடிவப் பெயர்களால் புகழ்வர். அவர்கள் அண்ணாந்து சிந்தித்தபடியே இருத்தலின், பிறர் பேசுவதைக் கேட்கவும் மறுமொழி கூறவும் அவர்தம் செவியிலும் வாயிலும் மெல்லத் தட்டி நினைவூட்டும் ஏவலர் வேண்டப்படுகின்றனர். மொழிக்கு அடிப்படை கேட்போனும் சொல்வோனும் ஒருவரையொருவர் நோக்குதல் என்பதை இதனினும் கூர்மையாக எள்ளலாற் கூறுதல் அரிது.

மொழி ஆராய்வார்க்கு இன்னும் சுவையானது, அத்தீவின் பெயருக்கு அந்நூலில் கூறப்படும் சொற்பிறப்பு. 'இலப்பு' என்பது பழைய வழக்கில் உயர்வையும், 'உண்டூ' என்பது தலைவனையும் குறித்தன என்றும், 'இலப்புண்டூ' என்பதே திரிந்து 'இலபுடா' ஆயிற்று என்றும் அந்நாட்டு அறிஞர் கூறுகின்றனர். கல்லிவர் அதனை ஏற்கவில்லை. 'இலப்பு' என்பது கடல்மேல் ஞாயிற்றின் கதிர் ஆடுதலையும், 'அவுட்டெட்' என்பது சிறகையும் குறிப்பன. அவற்றின் கூட்டே அப்பெயர் என்று தம் கருத்தை முன்வைத்து, முடிவை அறிஞர்க்கே விட்டுவிடுகின்றார். இரண்டும் பொருந்தாதவை, இரண்டும் அக்காலச் சொற்பிறப்பு நூல்களின் நடையிலேயே கூறப்பட்டவை. ஒலி ஒப்புமை ஒன்றையே துணைக்கொண்டு எச்சொல்லையும் எதனினின்றும் வருவிக்கலாம் என்பதை இல்லாத மொழி ஒன்றின் இல்லாத சொல்லை வைத்தே ஸ்விப்டு மெய்ப்பித்துவிட்டார். ஸ்பானிய மொழியில் அப்பெயர் இழிசொல்லாக ஒலிக்கும் என்பதையும் ஆராய்ச்சியாளர் சுட்டுவர். நூலில் ஆரவாரமாக விளக்கப்படும் இரு காரணங்களினும் விளக்கப்படாத மூன்றாவதே உண்மைக்கு அணித்தாக இருத்தல் கூடும்.

செவ்வாய் மொழி

மேற்கூறியோர் அனைவரும் தாம் புனைகின்றோம் என்பதை அறிந்தே புனைந்தவர். அறியாமலே ஒருவர் ஒரு விண்ணுலக மொழியைப் புனைந்தால் அதன் இயல்பு யாதாயிருக்கும்? அவ்வாறு நேர்ந்த நிகழ்ச்சி சுவிட்சர்லாந்தின் செனீவா நகரில் 1896இல் நிகழ்ந்தது.

அதன் பின்னணி இது. இத்தாலிய வானநூலார் இசுகியாபரெல்லி 1877இல் செவ்வாய்க் கோளில் கோடுகளைக் கண்டு, அவற்றுக்கு இத்தாலியத்தில் 'கனாலி' எனப் பெயரிட்டார். இச்சொல் இயற்கையாய் அமைந்த நீரோடுவழியையும் குறிக்கும். ஆங்கிலத்தில் அது வெட்டப்பட்ட கால்வாயைக் குறிக்கும் சொல்லால் பெயர்க்கப்பட்டது. கால்வாய் எனின் வெட்டியவர் வேண்டுமன்றோ? ஒரு மொழிபெயர்ப்பின் துணையால் செவ்வாயில் நாகரிக மக்கள் குடியேற்றப்பட்டனர். பிளமாரியோன் 1892இலும் உலோவெல் 1895இலும் வெளியிட்ட நூல்கள் அவ்வெண்ணத்தைப் பொதுமக்களிடையே பரப்பின. அக்கோடுகள் கண்ணின் மயக்கமே என்பது பின்னர்த் தெளிவாயிற்று.

செனீவாவில் வணிக நிலையம் ஒன்றில் பணியாற்றிய எலீசு மியூலர் (1861-1929) என்னும் அம்மையார் துயில்மயக்க நிலையில் ஆவியுலகச் செய்திகளைக் கூறி வந்தார். அதற்கென அவர் பொருள் பெற்றாரல்லர். அந்நகரப் பல்கலைக்கழக உளநூற் பேராசிரியர் தியோடர் புளூர்நுவா 1894இன் இறுதியிலிருந்து அவரை ஆராய்ந்து, எலேன் சுமித்து என்ற புனைபெயரால் அவரைக் குறித்து, 1900ஆம் ஆண்டிட்டு விரிவான நூலொன்றை வெளியிட்டார். இந்தியாவினின்றும் செவ்வாய்க் கோள் வரை என்பது அந்நூற்பெயரின் பொருள். அவ்வம்மையார் செவ்வாய்க்குச் சென்று வந்ததாகக் கூறினார். 1896இல் அவ்வுலக மக்களின் மொழியைப் பேசினார். 1897இல் அதன் எழுத்துகளையும் எழுதிக் காட்டினார். தொடர்களுக்கு ஒவ்வொரு சொல்லாகப் பிரெஞ்சு மொழிபெயர்ப்பும் தந்தார்.

அச்சொற்கள் ஒரே பொருளில் மாறாது வந்தன. 'மெத்தீசு' என்றால் மாந்தன். 'ஓதான்' என்றால் வீடு. 'மெசு' என்றால் பெரிய. 'நே' என்றால் இருக்கின்றது. மாதங்கள் கழிந்து மீண்டும் வந்தபொழுதும் அவை பொருள் மாறவில்லை. எனவே இது பொருளற்ற பிதற்றல் அன்று. மொழியின் தன்மை உடையது என்பதைப் புளூர்நுவா ஒப்புக்கொண்டார். ஆயினும் அது செவ்வாயின் மொழி அன்று. மாறுவேடம் பூண்ட பிரெஞ்சு என்பது அவர் முடிபு. அதற்கு அவர் காட்டிய சான்றுகள் மொழிநூல் மாணவர் மனங்கொள்ளத்தக்கவை.

முதலாவது, அம்மொழியின் ஒலிகள் அனைத்தும் பிரெஞ்சு ஒலிகளே. அதில் இல்லாத ஒலி ஒன்றும் செவ்வாய் மொழியில் வரவில்லை. இரண்டாவது, எழுத்துகளின் வடிவம் விந்தையானதேனும் ஒவ்வொன்றும் பிரெஞ்சு நெடுங்கணக்கின் எழுத்தொன்றுக்கு நேர்நின்றது. மூன்றாவது, சொற்கள் தொடரில் நின்ற வரிசை பிரெஞ்சு வரிசையினின்றும் சிறிதும் பிறழவில்லை.

நான்காவது சான்று மிக நுட்பமானது. பிரெஞ்சு வினாத்தொடரில் உயிரீற்று வினைக்குப்பின் 'இல்' (அவன்) என்னும் உயிர்முதற் சொல் வருமாயின் இடையே தகர மெய் தோன்றும். அதற்குத் தனிப்பொருள் இல்லை. ஒலியின் பொருட்டு வருவது. நம் இலக்கணத்து உடம்படுமெய்யை ஒத்தது அது. எப்பொழுது திரும்பி வருவான் என்னும் பொருளுடைய செவ்வாய்த் தொடரில், வருவான் என்பதற்குரிய 'பெரிமிர்' என்ற சொல்லுக்கும் அவன் என்பதற்குரிய சொல்லுக்கும் இடையே ஒரு மகர மெய் தனித்து நிற்கின்றது. பிரெஞ்சுத் தகர மெய்க்கு அது நேர். 'பெரிமிர்' என்பதோ ரகர மெய்யில் முடிவது. உயிரும் உயிரும் அங்குச் சந்திக்கவே இல்லை. தேவையற்ற இடத்தில் உடம்படுமெய் நிற்பது ஏன்? அதன் தேவை செவ்வாய் மொழியில் இல்லை. மறைந்து நின்ற பிரெஞ்சுத் தொடரில் இருந்தது. சொல் முழுவதும் மாறியபின்னும் சந்தி மாறாமல் நின்று மூலத்தைக் காட்டிக்கொடுத்தது.

புளூர்நுவா தம் ஐயத்தை அவ்வம்மையாரிடம் வெளியிட்டார். அதன்பின் சில காலத்தில் செவ்வாய்க்கு அப்பாற்பட்ட உலகின் மொழி என வேறொன்று தோன்றியது. அதன் சொற்கள் பிரெஞ்சு வரிசையை ஒட்டவில்லை. குறை சுட்டப்பட்ட பின்னரே அக்குறை நீங்கிய மொழி பிறந்தமையே, அஃது எங்கிருந்து பிறந்தது என்பதற்குப் போதிய சான்றாகும். இவையெல்லாம் வஞ்சனை என்று புளூர்நுவா கூறவில்லை. கற்று மறந்த செய்திகளை அடிமனம் தன்னை அறியாமலே புதியனவாக ஆக்கித் தருகின்றது என்பது அவர் விளக்கம்.

சந்திரகிரியின் அரசி

செவ்வாய் மொழி தோன்றிய அதே அம்மையாரிடம் இந்திய மொழி ஒன்றும் தோன்றியது. முற்பிறவி ஒன்றில் தாம் அராபியத் தலைவன் மகளாய்ப் பிறந்து, கன்னட நாட்டில் 1401இல் சந்திரகிரிக் கோட்டையைக் கட்டிய சிவ்ரூக்கா நாயக்கன் என்னும் மன்னனை மணந்த சிமந்தினி என்றும், கணவனோடு தீப்பாய்ந்ததாகவும் அவர் கூறினார். புளூர்நுவாவே அம்மன்னனின் மறுபிறவி என்பதும் அக்கதையின் ஒரு கூறு.

புளூர்நுவா வரலாற்றறிஞரை வினவினார். அவ்வரசனை அறிந்தார் இலர். பின்னர், தெ மார்லெசு என்பவர் 1828இல் பிரெஞ்சில் எழுதிய இந்திய வரலாற்று நூலில், சந்திரகிரியும் சிவ்ரூக்கா நாயக்கனும் 1401ஆம் ஆண்டும் ஒருங்கே காணப்பட்டன. அந்நூல் செனீவா நூலகங்களில் இருந்தது. கதை அந்நூலின் வழிவந்தது என்பதற்கு அதன் தவறும் துணைநிற்கின்றது. இன்றைய காசர்கோட்டுக்கு அருகிலுள்ள சந்திரகிரிக் கோட்டையைக் கேளடி மன்னன் சிவப்ப நாயக்கனோடு சார்த்திக் கூறுவர். அவன் 17ஆம் நூற்றாண்டினன். 1401இல் கேளடி மரபே தோன்றவில்லை; அது விசயநகர ஆட்சிக் காலம். முற்பிறவி நினைவு உண்மையாயின், அஃது அச்சுநூலின் பிழையோடு ஒத்திருத்தல் எங்ஙனம்? ஏடு பெயர்த்தெழுதுவோர் செய்யும் பொதுப்பிழை கொண்டே ஏடுகளின் கால்வழியைத் துணிவது பதிப்பாசிரியர் முறை. அம்முறை ஈண்டும் பொருந்துகின்றது.

சிமந்தினி பேசிய மொழி சமற்கிருதம் போல ஒலித்தது. அதனை ஆராயப் புளூர்நுவா அழைத்தவர் செனீவாவில் சமற்கிருதப் பேராசிரியராக விளங்கிய பெர்தினாந்து தெ சசூர். 1916இல் அவர் மாணவர் வெளியிட்ட பொதுமொழியியற் பாடநூலால் உலகறிந்த அதே சசூர் இவர். அம்மொழியில் மெய்யான சமற்கிருதச் சொற்கள் சில உள. எஞ்சியவை பொருள் விளங்காதவை. ஆயினும் சமற்கிருத இயல்புக்கு வெளிப்படையாக முரணியவை அல்ல என்று அவர் கண்டார். பிரெஞ்சில் மிகுதியாக வரும் 'ஃப' ஒலி அதில் வாராமை அவர்க்கு வியப்பளித்தது; சமற்கிருதத்திலும் அவ்வொலி இல்லை.

இங்குத் தமிழறிஞர் கேட்க வேண்டிய வினா வேறொன்று உண்டு. கன்னட நாட்டுக் கடற்கரையில் 15ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வாழ்ந்த அரசியின் வாயில் வரவேண்டிய மொழி எது? அந்நிலத்து மக்கள் மொழிகள் துளுவும் கன்னடமும் மலையாளமும். அராபியத் தலைவன் மகள் அந்நாட்டில் வந்து வாழ்க்கைப்பட்டால், கணவனோடும் ஏவலரோடும் பேசக் கற்பது அவற்றுள் ஒன்றாகவே இருக்கும். சமற்கிருதம் கற்றோரின் நூல்மொழி. ஆயினும் செனீவாவில் எழுந்த கனவுக்கு இந்தியா எனின் சமற்கிருதம் ஒன்றே. திராவிட மொழிகள் தனிக்குடும்பம் என்பதை எல்லிசு 1816இலும், கால்டுவெல் 1856இல் ஒப்பிலக்கணத்தாலும் நிறுவியிருந்தனர். நாற்பது ஆண்டுகள் கழிந்தும் அவ்வறிவு ஐரோப்பிய நகரப் பொதுமக்கள் கற்பனையை எட்டவில்லை. ஆதலின் அவ்வம்மையாரின் இரு மொழிகளும் ஒரு நிலையினவே. செவ்வாயில் உண்மையில் யார் பேசுகின்றனர் என்பது எவ்வாறு வேண்டப்படவில்லையோ, அவ்வாறே கன்னடக் கரையில் உண்மையில் என்ன பேசினர் என்பதும் வேண்டப்படவில்லை. விண்ணும் தென்னாடும் அக்கற்பனைக்கு ஒரே தொலைவில் இருந்தன.

ஆன்றியின் ஆராய்ச்சி

பாரிசில் சமற்கிருதமும் ஒப்பிலக்கணமும் கற்பித்த விக்டர் ஆன்றி 1901இல் செவ்வாய் மொழிக்கென்றே தனிநூல் எழுதினார். மொழி உள்ளத்தில் அறியாது ஆக்கப்படுவதற்கு அது நல்ல சான்று என்ற அவர் கருத்து மதிக்கத்தக்கது. ஆனால், அச்சொற்கள் ஒவ்வொன்றும் எதனினின்றும் பிறந்தது எனக் காட்டப் புகுந்தபொழுது அவர் பிரெஞ்சையும், அம்மையார் இளமையிற் பயின்ற செருமானியத்தையும், அவர் தந்தையின் தாய்மொழியாகிய அங்கேரியத்தையும், ஆங்கிலத்தையும், சமற்கிருதத்தையும் துணைக்கொண்டார்; எழுத்துகள் முன்பின்னாக மாறுதலையும் உடன்பட்டார். இத்தனை வாயில்களும் திறந்திருப்பின் நுழையாத சொல் எது? சிமந்தினியின் மொழியில் 'ஃப' ஒலி இல்லாமைக்கு அவர் கூறிய காரணம் இன்னும் விந்தையானது. பிரெஞ்சு மொழியின் பெயரே அவ்வொலியால் தொடங்குதலின், பிரெஞ்சை மறைக்க விரும்பிய அடிமனம் அவ்வெழுத்தையே விலக்கியது என்றார்.

இது உண்மையாகவும் இருக்கலாம். ஆயினும் கிடைத்துள்ள சொற்களோ மிகச் சில. சில சொற்களில் ஓர் ஒலி வாராமை தற்செயலாகவும் நிகழும். சமற்கிருத நெடுங்கணக்கைக் கண்ட நினைவாலும் நிகழும். மூன்று காரணமும் ஒருங்கே பொருந்துமிடத்து ஒன்றைத் துணிதற்குச் சான்று வேண்டும், நயம் போதாது. ஸ்விப்டு 1726இல் நகைத்த கல்லிவரின் வாதமும் பேரறிஞர் ஆன்றியின் வாதமும் இவ்விடத்தில் நெருங்கி வருதல் காண்க. புளூர்நுவாவின் சான்றுகள் இன்றும் அசையாது நிற்க, ஆன்றியின் பல சொற்பிறப்புகள் ஐயத்துக்குரியனவாய் நிற்பதற்குக் காரணம் இதுவே: முன்னவர் அமைப்பை ஒப்பிட்டார், பின்னவர் ஒலியை மட்டும் ஒப்பிட்டார்.

அறிந்து புனைந்த மொழிகள்

தாய்மொழிச் சட்டத்தினின்றும் விடுபடுதல் எவர்க்கும் இயலாதோ எனின், இயலும். அதற்கு மொழிநூல் அறிவு வேண்டும். அமெரிக்க முதுகுடி மொழிகளுள் ஒன்றாகிய முத்சுன் மொழியின் இலக்கணத்தை ஆராய்ந்து பட்டம் பெற்ற மார்க்கு ஓக்ராண்டு, திரைப்படத்தில் வரும் வேற்றுலக மாந்தராகிய கிளிங்கோனியர்க்கு ஒரு மொழி வகுத்து, அதன் அகராதியை 1985இல் வெளியிட்டார். அம்மொழியில் செயப்படுபொருள் முதலிலும், பயனிலை இடையிலும், எழுவாய் இறுதியிலும் நிற்கும். மக்கள் மொழிகளில் இவ்வரிசை மிக அரிது என்பதனாலேயே அவர் அதனைத் தெரிந்தெடுத்தார். ஆயின் அவ்வரிசையும் மண்ணுலகுக்குப் புறம்பானது அன்று; பிரேசில் நாட்டு இக்சுகரியானா மக்களின் மொழியில் அதுவே இயல்பான வரிசை. மண்ணுலக மொழிகளின் பரப்பு, கற்பனை செய்வோர் எண்ணுவதினும் பெரிது. புதுமை வேண்டி விண்ணுக்குச் சென்றவர், அப்புதுமையைத் தாம் கேட்டறியாத சிற்றூர் ஒன்றின் வழக்கில் கண்டுகொள்ளலாம்.

முடிவுரை

இதுகாறும் கூறியவற்றால் மூன்று முடிபுகள் பெறப்படும். சொல்லைப் புனைதல் எளிது. இலக்கணத்தைப் புனைதல் அரிது. ஒரு மொழியின் மூலத்தை அதன் விளங்கித் தோன்றும் சொற்களைவிட, பேசுவோன் கருத்திற் கொள்ளாத சந்தியும் சொல்வரிசையும் உறுதியாகக் காட்டும். ஒலி ஒப்புமை மட்டும் கொண்டு வருவிக்கும் சொற்பிறப்பு, மொழி மெய்யாயினும் பொய்யாயினும் ஒன்றுபோலவே வெற்றி பெறும், அவ்வெற்றி சான்றாகாது.

இம்மூன்றாவது முடிபு நமக்கு மிக வேண்டப்படுவது. தமிழ்ச் சொல்லைத் தொலைநாட்டுச் சொல்லோடு ஒப்பிட்டு உறவு கூறும் ஆர்வம் நம்மிடையே குறைவன்று. அவ்வொப்புமைகளுள் உண்மையும் இருத்தல் கூடும். ஆனால், உண்மையைப் பொய்யினின்றும் பிரித்துக் காட்டும் அளவுகோல் வேண்டும். தமிழில் புலி என்பது கன்னடத்தில் ஹுலி; பால் என்பது ஹாலு; பல் என்பது ஹல்லு. பழங்கன்னடத்தில் இவை பகரமாகவே இருந்தன. துளுவில் புலி இன்றும் பிலி என்றே வழங்குகின்றது. ஒரு சொல்லில் கண்ட மாற்றம் அவ்வினச் சொற்களில் எல்லாம் ஒழுங்காக வருவதனாலும், இடைப்பட்ட காலத்துச் சான்று கிடைப்பதனாலும் இவ்வுறவு நிலைபெறுகின்றது. பரோவும் எமனோவும் 1961இல் வெளியிட்ட திராவிடச் சொற்பிறப்பகராதி இவ்வொழுங்கின்மேல் எழுந்தது. ஒழுங்கு காணப்படாத இடத்தில், ஒப்புமை எத்துணை இனியதாயினும், அதனைக் கருதுகோளாக மட்டும் வைத்தல் அறிஞர் கடன்.

சந்திரகிரியின் அரசிக்குத் தம் கனவில் மொழி வகுத்தவர், அவ்வரசியின் நாட்டு மக்களை வினவினாரல்லர். வினவியிருப்பின் துளுவோ கன்னடமோ விடை தந்திருக்கும். மொழி ஆராய்ச்சி என்பது அவ்வாறு வினவுதலும், விடையைப் பொறுமையுடன் கேட்டலுமேயாகும்.